எட்டாவது கட்டம்

கணினியைத் திறந்ததும் நாற்றம் அடித்தது. ஷவ்கிக்குச் சந்தோஷத்தில் கண் கலங்கிவிட்டது.

குளிர்காலத்தில் வந்த காய்ச்சல் போகும்போது அவன் மோப்பத்தையும் கையோடு கூட்டிக்கொண்டு போயிருந்தது. மூக்கு முகத்தில் இருந்த இடத்தில்தான் இருந்தது, உள்ளேதான் ஆள் இல்லை. காபிக் கொதியில் ஏலக்காய் இல்லை, துவைத்த சட்டையில் சோப்பு இல்லை, பூண்டு வதங்கும் வாணலிக்கு மேல் குனிந்து நின்றால் முகத்தில் சூடு மட்டும் அடித்தது. வேறு தொழில் செய்பவனாக இருந்தால் கண்டவரிடமெல்லாம் சொல்லிப் புலம்பியிருப்பான். ஷவ்கி ஒருவரிடமும் சொல்லவில்லை, மனைவி இன்ஷிராஹிடம்கூட. நபரோ ஊரில் ஃபசீக் கடை வைத்திருப்பவன் அதைச் சொன்னால் அன்றைக்கே கதவை இழுத்துச் சாத்த வேண்டியதுதான்.

மடவை மீனை வயிறு உப்பும்வரை காற்றில் போட்டு வைத்து, செவுளுக்குள் உப்பை அடைத்து, மரப் பீப்பாயில் அடுக்கி மூடி, அழுகலுக்கும் பக்குவத்துக்கும் நடுவில் நிறுத்தி எடுப்பதற்குப் பேர்தான் ஃபசீக். முந்தித் திறந்தால் பச்சை மீன். பிந்தித் திறந்தால் விஷம், தின்றவன் நாக்குக் குழறி, இமை தொங்கி, மூச்சு நின்று போவான். அந்த நடுக்கோட்டைக் கண்டு சொல்ல மூக்கு ஒன்றுதான் வழி. ஷவ்கியின் மூக்குக்குப் பேர் இருந்தது. வசந்தம் பிறந்து ஷம்முன்னசீம் திருநாள் நெருங்கினால், அன்றைக்கு ஊரே தோட்டத்தில் உட்கார்ந்து வெங்காயத் தாளோடு ஃபசீக் தின்னும் என்பதால், மன்சூராவிலிருந்தும் தன்தாவிலிருந்தும் ஆட்கள் அவன் கடைக்கு வருவார்கள். அவன் மூடியைத் தூக்கி, ஒரு மீனைக் கட்டைவிரலால் அமுக்குவான். குழி விழும், விழுந்த குழி எழும்பி வராது. அந்த விரலை மூக்கருகே கொண்டுபோய்க் கண்ணை மூடுவான். கடையில் பேச்சு நின்றுவிடும். "ஆச்சு" என்பான். இல்லையென்றால் "இன்னும் ரெண்டு மூணு நாள்" என்பான். அவ்வளவுதான்.

இந்த வருஷம் அந்தக் கண்மூடல் வெறும் நாடகம். நாடகம் வெளியே தெரிந்தால் கடை போகும், தெரியாமல் ஒரு பீப்பாய் தப்பிப்போனால் யார் வீட்டிலாவது உயிர் போகும்.

அதனால்தான் தமியெத்தாவில் பாலாடைக்கட்டிக் கிடங்குகளுக்குக் கருவி விற்கும் வகீஹ் என்பவனை ரகசியமாகப் பிடித்து, ஏழு பீப்பாய்க்கும் ஏழு ஊசி வாங்கிச் சொருகினான். விரல் நீளம், ஆணித் தலை மாதிரி ஒரு கறுப்புக் குமிழ். உள்ளே இருக்கும் சூட்டையும் ஈரத்தையும் வாயுவையும் அது கணினிக்குச் சொல்லும். பிரவுசரைத் திறந்தால் முதலில் வரும் பக்கத்தை இஷ்டம்போல் அமைத்துக்கொள்ளலாம் என்று வகீஹ்தான் போனில் சொல்லிக்கொடுத்தான். விட்ஜெட் என்று அவன் சொன்னதை ஷவ்கி கட்டம் என்று வைத்துக்கொண்டான். மகள் கரீமா கல்யாணமாகிப் போகும்போது விட்டுச்சென்ற பழைய மடிக்கணினியைக் கடைக்குப் பின்னறையில் வைத்து, ஒரு மத்தியானம் முழுக்க அதோடு கிடந்தான். மேலே கடிகாரம், அதற்குப் பக்கத்தில் தொழுகை நேரம், காற்று எந்தத் திசை என்று காட்ட ஒன்று, மூலையில் பேத்தியின் படம், வலது ஓரத்தில் யாருக்கு எத்தனை மீன் என்று எழுதிவைக்க ஒன்று. நடுவில் ஏழு பீப்பாய்கள், கடையில் நிற்பது போலவே பின்வரிசையில் நாலு, முன்னே மூன்று. விரலால் இழுத்தால் நகர்ந்தன, ஓரத்தைப் பிடித்து இழுத்தால் பெருத்தன. பச்சை நிறம் என்றால் இன்னும் ஆகவில்லை, மஞ்சள் என்றால் பக்குவம், சிவப்பு என்றால் தொடாதே. பின்னணிக்கு ஆற்று நிறத்தைப் போட்டான். கடை வாசலில் மீனை அடுக்கும்போது வருகிற திருப்தி அதில் வந்தது. தினமும் காலையில் அந்தப் பக்கத்தைப் பார்த்துவிட்டுத்தான் பீப்பாயைத் திறந்து கண்ணை மூடினான்.

இப்போது அந்தப் பக்கம் நாறியது.

மீன் இல்லை. மீனின் எல்லா நாற்றமும் அவனுக்குத் தெரியும், மூக்கு போன பிறகும் நினைவில் வரிசையாக அடுக்கி வைத்திருந்தான். இது இனித்தது. வெயிலில் மூடி வைத்த தொட்டிக்குள் புழு வைத்துக் கூழாகிப்போன பேரீச்சம்பழம் போல இனித்து, அதற்கடியில் பல நாள் மாற்றாத புண்கட்டைப் பிரித்த மாதிரி ஒரு சூடு. தொண்டை வரைக்கும் போய் அங்கே எண்ணெயாகப் படிந்தது. ஷவ்கி மடிக்கணினியின் மூடியைச் சாத்தினான், போய்விட்டது. திறந்தான், வந்தது. குமட்டிக்கொண்டே மறுபடி மறுபடி இழுத்தான். எச்சில் ஊறியது. எவ்வளவு கேவலமாக இருந்தாலும் அது ஒரு நாற்றம், இத்தனை மாதத்தில் அவனைத் தேடி வந்த முதல் நாற்றம்.

அப்புறம்தான் கண்ணில் பட்டது. முன்வரிசையில் மூன்றுக்குப் பதில் நாலு கட்டம் இருந்தது.

பேர் எழுதாத கட்டம். மற்ற ஏழும் பீப்பாயறையின் குளிர்ச்சிக்கேற்பப் பதினெட்டு, பத்தொன்பது என்று காட்ட, இது முப்பத்தேழு காட்டியது. ஈரம் முழு அளவு. நிறம் பச்சை. கை தவறி எதையோ அமுக்கியிருப்போம் என்று மூலையில் இருந்த பெருக்கல் குறியைத் தொட்டு அழித்தான். கட்டம் போனதும் நாற்றமும் போனது. விளக்கணைந்த அறை போல மூக்கு மறுபடி இருண்டது. அழித்திருக்க வேண்டாமோ என்று அன்று முழுக்க நினைத்துக்கொண்டிருந்தான்.

மறுநாள் காலையில் அது தானாகவே திரும்ப வந்து உட்கார்ந்திருந்தது. அவன் அழிக்கவில்லை. கட்டத்தின் ஓரத்தைப் பிடித்து இழுத்துக் கொஞ்சம் பெரிதாக்கினான்.

*

கம்சீன் காற்று தொடங்கியது. பாலைவனத்திலிருந்து கிளம்பிய புழுதி வானத்தை மூடி, பகலெல்லாம் பழைய மஞ்சள் கண்ணாடி வழியே பார்ப்பது போல் தெரு தெரிந்தது. ஜன்னல்களைச் சாத்தி இடுக்கில் ஈரத்துணி திணித்தார்கள். உள்ளே இருந்த காற்று உள்ளேயே சுற்றியது. வெயில் ஏறியும் குழல்விளக்கு எரிந்தது.

உப்பு அடைக்கும் அத்வா, ஷவ்கியின் தகப்பன் காலத்திலிருந்து இதே கடையில் கிடப்பவன், ஒருநாள் முகத்தில் துணி கட்டிக்கொண்டு வந்தான்.

"என்ன அத்வா, புழுதியா?"

"புழுதிதான் உஸ்தா" என்றான் அத்வா, கண்ணைப் பார்க்காமல். கடைக்குள் வந்த பிறகும் துணியை அவிழ்க்கவில்லை.

எதிர்க்கடை ஹாஜி பயூமிக்கு அந்த மரியாதையெல்லாம் கிடையாது. தெருவுக்கு அந்தப் பக்கமிருந்தே குரல் கொடுத்தார். "டேய் ஷவ்கி, மீனுக்குப் போட வேண்டிய உப்ப வித்துத் தின்னுட்டியா? எங்கடையில ஒரு ஈ நிக்க மாட்டேங்குது, எல்லாம் உங்கிட்ட குடி வந்துருச்சு. வாடகையாவது வாங்கு."

தெருவில் நின்றவர்கள் சிரித்தார்கள். ஷவ்கியும் சிரித்தான். சிரிக்கும்போதே ஒன்று உறைத்தது. ஒரு பீப்பாய் கெட்டுவிட்டது. எல்லாருக்கும் தெரிகிறது, தனக்கு மட்டும் தெரியவில்லை. பின்னறைக்கு ஓடிப் பக்கத்தைத் திறந்தான். ஏழும் பச்சை. ஏழும் ஒழுங்காக இருந்தன. எட்டாவதில் முப்பத்திரண்டு.

இறங்கியிருக்கிறது. அப்படியானால் எங்கோ ஓர் இடத்தில் ஏதோ ஒன்று மெல்ல ஆறிக்கொண்டிருக்கிறது.

வெள்ளிக்கிழமை தொழுகைக்குப் போனான். தோளோடு தோள் சேர்ந்து நில்லுங்கள், வரிசையில் இடைவெளி விடாதீர்கள் என்று இமாம் வழக்கம்போல் சொன்னார். ஷவ்கியின் இரண்டு பக்கமும் ஆள் நிற்கிற அகலத்துக்குப் பாய் காலியாகக் கிடந்தது. குனிந்து நெற்றியைத் தரையில் வைத்தபோது, பின்வரிசையில் அவன் குதிகாலுக்கு நேரே தலையை வைத்திருந்தவன் ஓங்கரித்தது கேட்டது. அந்த ஆள் தொழுகையை நடுவிலேயே முறித்துக்கொண்டு, செருப்பைக்கூடத் தேடாமல் வெளியே போனான். ஃபசீக் வியாபாரிக்கு இதெல்லாம் பழக்கம்தான், பஸ்ஸில்கூடப் பக்கத்தில் உட்கார மாட்டார்கள். ஆனால் வாசலில் கிடந்த வாந்தியைத் தாண்டும்போது ஷவ்கி கீழே பார்க்காமல் நடந்தான்.

கடைக்கு மேலேயே இருந்த வீட்டுக்கு வந்ததும் வகீஹுக்குப் போன் போட்டான்.

"நான் குடுத்தது ஏழு ஊசி, உஸ்தா. உங்க பேர்ல ஏழுதான் இருக்கு. எட்டாவது தெரியுதுன்னா எட்டாவது எங்கயோ சொருகியிருக்குன்னு அர்த்தம்."

"எங்க?"

"அத நீங்கதான் சொல்லணும். ரொம்பத் தள்ளி இருக்காது, இந்த ஊசியோட சிக்னல் நாலு செவுத்த தாண்டாது. கட்டத்துல கீழ சின்னக் கோடு தெரியுதா? கணினியத் தூக்கிட்டு நடங்க. கோடு கொறஞ்சா தள்ளிப் போறீங்க, கூடுனா நெருங்குறீங்க. செத்த எலியத் தேடுற மாதிரிதான்." வகீஹ் சிரித்தான். "மூக்குக்குப் பேர் போனவர் நீங்க. எதுக்கு இந்தக் கோடெல்லாம், மோந்து பாத்துப் புடிச்சிர மாட்டீங்களா?"

ஷவ்கி போனை வைத்தான்.

மடிக்கணினியைத் திறந்தபடி இரண்டு கையிலும் தாங்கிக்கொண்டு நடந்தான். அதிலிருந்து அந்த இனிப்பு நாற்றம் முகத்தில் வீசியபடி இருந்தது. பின்னறையில் கோடு முழுசாக இருந்தது. பீப்பாயறையில் முழுசு. மாடிப்படியில் முழுசு. சமையலறையில், குளியலறையில், கரீமாவின் காலியான அறையில், மொட்டைமாடியில் மஞ்சள் புழுதிக்கு நடுவில் நின்றபோதும் முழுசு. ஓர் இடத்தில்கூட ஒரு நூல் குறையவில்லை. கருவி கெட்டுவிட்டது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். அதைச் சொன்னபோது நாக்கு உப்புக் கரித்தது.

*

இன்ஷிராஹ் படுக்கையை மகள் அறைக்கு மாற்றிக்கொண்டாள். எலுமிச்சைத் தோலை அடுப்பில் சுட்டாள். ஒரு வாரம் இப்படியே போனது. பிறகு ஒருநாள் மத்தியானச் சாப்பாட்டில், தன் தட்டைத் தொடாமல் தள்ளி வைத்துவிட்டுக் கேட்டாள்.

"யா ஷவ்கி, ஒண்ணு கேக்கட்டுமா? கோவப்படக் கூடாது."

"கேளு."

"உனக்கு நெஜமாவே தெரியலையா?"

அவன் கையில் ரொட்டி இருந்தது. அவள் எதைக் கேட்கிறாள் என்று அவனுக்குத் தெரியவில்லை. ஏதோ ஒரு நாற்றம் என்பது மட்டும் தெரிந்தது. எங்கே, எதில், எப்படி, ஒன்றும் தெரியவில்லை. இப்போது சொல்லிவிடலாம். மூக்கு போய்விட்டது இன்ஷிராஹ், நீதான் எனக்கு மோந்து சொல்லவேண்டும் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஆனால் சாயங்காலம் அவள் தங்கை வருவாள். தங்கை புருஷன் பயூமியின் கடையில் வேலை பார்க்கிறான்.

"தெரியாம இருக்குமா?" என்றான் ஷவ்கி. "எனக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சேவா இப்படி?"

"எல்லாம் தெரிஞ்சுதான். நான் வேணும்னுதான் பண்றேன். புதுப் பக்குவம் ஒண்ணு."

அவள் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். நெற்றியிலிருந்து கழுத்துக்கு, கழுத்திலிருந்து கைக்குப் பார்வை மெதுவாக இறங்கியது.

"இன்னும் எத்தன நாள் ஆகும்?"

"இன்னும் ரெண்டு மூணு நாள்" என்றான், கண்ணை மூடி, பழக்கத்தில்.

இன்ஷிராஹ் நீளமாக மூச்சு விட்டாள். பல நாளாகத் தூக்கிச் சுமந்த எதையோ இறக்கி வைத்தவள் போல அவள் முகம் தெளிந்தது. "அட, நான் என்னென்னமோ நெனச்சு பயந்து செத்தேன்" என்றாள். "நீ சொன்னாச் சரி. உன் மூக்குக்குத் தெரியாததா எனக்குத் தெரியப்போவுது." தட்டைத் தன் பக்கம் இழுத்துச் சாப்பிடத் தொடங்கினாள். அன்றைக்கே படுக்கையைத் திரும்பக் கொண்டுவந்து போட்டாள்.

மறுநாள் காதுக்குப் பின்னால் அரித்தது. சொறிந்தால் நகக்கண்ணில் உப்பு. உப்போடு வேலை செய்கிறவனுக்கு எங்கேதான் உப்பு ஒட்டாது. குளித்தான். சாயங்காலம் மறுபடி அரித்தது. மடிப்பு முழுக்கக் கல்லுப்பு, கெட்டியாக, யாரோ விரலால் அமுக்கி வைத்தது போல.

அடுத்த மத்தியானம் கண்ணயர்ந்தவன் தாடைக்குக் கீழே விரல் ஊர்வதை உணர்ந்து விழித்தான். இன்ஷிராஹ் மண்டியிட்டு உட்கார்ந்திருந்தாள். மடியில் உப்புக் கிண்ணம்.

"அசையாத" என்றாள் சாதாரணமாக. "இந்தப் பக்கம் பாக்கியிருக்கு."

ஏன் என்று கேட்க வாய் வந்தது. கேட்டால், அவளுக்குத் தெரிவது தனக்குத் தெரியவில்லை என்றாகிவிடும். ஷவ்கி கண்ணை மூடிக்கொண்டான். அவள் விரல் தாடையெலும்புக்கு உள்பக்கமாகப் போனது. அங்கே அவ்வளவு ஆழம் இருக்கும் என்று அவன் நினைத்ததில்லை. விரல் முழுசாகப் போயிற்று. வலிக்கவில்லை.

எட்டாவது கட்டத்தில் இருபத்தைந்து.

பூனைகள் வரத்தொடங்கின. ஃபசீக் கடைத் தெருவில் பூனைக்குப் பஞ்சமில்லை, ஆனால் அவை பீப்பாயறைப் பக்கம் நிற்காமல் அவன் கால்மாட்டில் வரிசையாக உட்கார்ந்தன. அவன் எழுந்தால் எழுந்தன. செம்பழுப்பு நிறத்தில் ஒன்று அவன் கணுக்காலை நக்கியது. சொரசொரத்த நாக்கு, ஒரு தடவை, இரண்டு தடவை. எதுவோ உரிவது போல் இருக்கக் குனிந்து பார்த்தான். பூனையின் வாயிலிருந்து ஈரமான, ஒளி ஊடுருவுகிற தோல் ஒன்று தொங்கியது. அது தலையை ஆட்டி ஆட்டி விழுங்கியது. கணுக்காலில் உரிந்த இடம் இளஞ்சிவப்பாக, வழவழப்பாக இருந்தது. ரத்தம் இல்லை. நல்ல ஃபசீக்கைப் பிளந்தால் தெரியும் நிறம்.

அதைப் பார்த்ததும் அவன் வாயில் எச்சில் ஊறியது. அதுதான் அவனை வாந்தியெடுக்க வைத்தது.

*

திருநாளுக்கு முந்தின நாள் காலை. புழுதி இன்னும் அடங்கவில்லை. வெளியே ஆட்கள் வரிசை கட்டத் தொடங்கிவிட்டார்கள், கதவுக்கு அப்பால் செருப்புச் சத்தமும் பேச்சும் கேட்டது. ஷவ்கி பின்னறையில் பக்கத்தைத் திறந்து உட்கார்ந்தான். ஏழு கட்டத்தில் ஆறு மஞ்சளாகியிருந்தன. ஒன்று இன்னும் பச்சை. கடை பிழைத்தது. ஒருவரும் சாகமாட்டார்கள்.

எட்டாவது இன்னும் பச்சைதான். பத்தொன்பது. மற்ற பீப்பாய்களின் அளவுக்கு வந்து சேர்ந்துவிட்டது.

இதுவரை தொடாத ஒன்றைத் தொட்டான். கட்டத்தின் மேல் விரலை வைத்து அமுக்கியபோது அது விரிந்து, வந்த நாளிலிருந்து இன்றுவரைக்குமான சூட்டைக் கோடாகக் காட்டியது. மலைச்சரிவு மாதிரி இறங்கும் கோடு. அதில் அங்கங்கே வெட்டு விழுந்திருந்தது. ஊசி எட்டாத தூரத்துக்குப் போன நேரம். முதல் வெட்டு ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம். அடுத்தது ஒரு செவ்வாய்.

வெள்ளிக்கிழமை அவன் பள்ளிவாசலில் இருந்தான்.

செவ்வாய்க்கிழமை உப்பு வாங்க மன்சூரா போனான்.

கணினி இங்கேதான் இருந்தது.

ஷவ்கி எழுந்து முகம் பார்க்கும் கண்ணாடி முன்னால் நின்றான். சட்டையைக் கழற்றினான். வயிறு உப்பியிருந்தது. தொப்பை என்று நினைத்திருந்தான். தட்டினான். உள்ளே தண்ணீர் அசைந்தது.

கையைத் தூக்கிப் பார்த்தான். இல்லை. விலாவில் இல்லை. கழுத்தில் தடவினான். பிடரியில், முடி தொடங்குகிற இடத்தில், விரல் நின்றது.

குமிழ். ஆணித் தலை அளவு. சில்லென்று இருந்தது.

நகத்தை நுழைத்துப் பிடித்தான். இழுத்தான். கொஞ்சம் வந்தது. அதோடு சேர்ந்து இன்னொன்றும் வரப் பார்த்தது. நீளமாக. கொழகொழவென்று. கழுத்துக்குள்ளிருந்து முதுகுவரைக்கும் எதுவோ தளர்ந்தது. திரையில் எட்டாவது கட்டம் ஒருமுறை அணைந்து எரிந்தது.

மறுபடி உள்ளே அமுக்கினான். அது எளிதாகப் போய் உட்கார்ந்தது.

பெருக்கல் குறி. கட்டத்தை அழித்தான். நாற்றம் போகவில்லை. மூடியைச் சாத்தினான். போகவில்லை. கணினியைத் தள்ளிவிட்டான், அது தரையில் விழுந்து திறந்துகொண்டது. கையை முகத்தருகே கொண்டுவந்தான். உள்ளங்கை. முழங்கை. அக்குள். இதுதான். இத்தனை நாளும் இதைத்தான். இனிப்பு.

மேலெல்லாம்.

கதவு திறந்தது. இன்ஷிராஹ். கையில் தட்டு, தட்டில் எலுமிச்சை, குறுக்கே வெட்டியது. வெங்காயத் தாள்.

"எல்லாரும் வந்துட்டாங்க" என்றாள். "நீதான சொன்ன, ரெண்டு மூணு நாள்னு."

அவன் பேச வாயைத் திறந்தான். நாக்கு திரும்பவில்லை. தடித்து, ஒரு பக்கமாகச் சாய்ந்து கிடந்தது. வலது இமை தானாக இறங்கியது. பின்னறையிலிருந்து கடைவரைக்கும் நடந்தான், அல்லது நடத்தினார்கள். கடைக்குள் குழல்விளக்கு. மஞ்சள் வெளிச்சம். கதவு நிறைய முகங்கள். மன்சூராக்காரர்கள். இன்ஷிராஹின் தங்கை. முன்வரிசையில் பயூமி, ஒரு பலாடி ரொட்டியை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு. ஒருவரும் மூக்கைப் பொத்தவில்லை.

"என்னடா வாசன இது" என்றார் பயூமி. தாழ்ந்த குரல். கேலி இல்லை. "இவன் பாட்டன் காலத்துலகூட இப்படி ஒண்ணு கெடையாதுப்பா."

அத்வா முன்னே வந்தான். முகத்தில் துணி இல்லை. ஏழு பீப்பாயையும் தாண்டி வந்தான். ஷவ்கியின் கையைப் பிடித்து, மெதுவாகத் திருப்பி, முழங்கைக்குக் கீழே சதைப்பற்றுள்ள இடத்தில் கட்டைவிரலை வைத்தான்.

"மன்னிக்கணும் உஸ்தா" என்றான்.

அமுக்கினான். விரலை எடுத்தான்.

ஷவ்கி குழியைப் பார்த்தான். எழும்பி வருமென்று பார்த்தான். பின்னறையில் தரையில் கிடந்த திரை தானாக ஒளிர்ந்து, சுவரில் மஞ்சளாகப் படர்ந்தது. குழி அப்படியே இருந்தது. அதில் கொஞ்சம் நீர் ஊறியது.

அத்வா கட்டைவிரலை மூக்கருகே கொண்டுபோனான். கண்ணை மூடினான். கடையில் பேச்சு நின்றது.

"ஆச்சு" என்றான்.

வரிசை ஓர் அடி முன்னே நகர்ந்தது.